இரும்பு அண்ணனின் ஆலோசகர்

வாஷிங் மெஷின் செய்யும் தொழிற்சாலை அது. தகட்டை அழுத்தி வளைக்கும் பிரிவில் ஆறு ரோபோக்கள் நின்றன. ஆளை விட உயரமானவை, ஆரஞ்சு நிறம், தரையோடு சேர்த்து முடுக்கியவை. தோளிலிருந்து மணிக்கட்டு வரை மட்டும் இருக்கிற ஒரு உருவம். தலை, உடம்பு, கால் எதுவும் கிடையாது. அதனால் அங்கே யாரும் அவற்றை ரோபோ என்று சொல்லமாட்டார்கள், 'கை' என்பார்கள். 'மூணாங் கை மக்கர் பண்ணுது' என்றால் மூன்றாவது ரோபோ நின்றுவிட்டது என்று அர்த்தம்.

அந்தக் கைகளுக்குப் பொறுப்பான பொறியாளர் அவள். நாற்பதைத் தொட்டுக்கொண்டிருந்தாள். ஒவ்வொரு கையைச் சுற்றியும் இடுப்பளவுக்கு மஞ்சள் கம்பி வேலி இருந்தது. வேலியில் ஒரு கதவு. கதவைத் திறந்தால் மின்சாரம் அறுந்து கை அப்படியே நின்றுவிடும். பிறகு யாராவது வெளியே வந்து, கதவைச் சாத்தி, பொத்தானை அழுத்தினால்தான் மறுபடி ஓடும். வேலிக்கு மேலே தலையை நீட்டி எட்டிப் பார்க்கிறவனை அவள் திட்டுகிற திட்டில் பக்கத்துப் பிரிவில் வேலை செய்கிறவர்களும் நிமிர்ந்து பார்ப்பார்கள். அதனால் அவளுக்கு 'வேலி மேடம்' என்று பெயர். முதுகுக்குப் பின்னால் வைத்த பெயர்தான், நாளாக நாளாக முகத்துக்கு நேரேயே வந்துவிட்டது. அவள் அதைக் கண்டுகொள்ளவில்லை. வேலியை இன்னும் உயர்த்த வேண்டும் என்று இரண்டு தடவை மேலாளரிடம் கேட்டிருந்தாள். இரண்டு தடவையும் 'பாக்கலாம்' என்றார் அவர். அந்தத் தொழிற்சாலையில் 'பாக்கலாம்' என்றால் பார்க்கப்போவதில்லை என்று பொருள்.

அந்த மேலாளர்தான் ஒருநாள் அவளைத் தன் அறைக்குக் கூப்பிட்டு, உள்ளே உட்கார்ந்திருந்த இருவரைக் காட்டினார். ஒருவர் தொலைக்காட்சித் தொடரின் டைரக்டர். கழுத்தில் கறுப்புக் கண்ணாடியைத் தொங்கவிட்டிருந்தார். இன்னொருவர் கதாசிரியர். அவர் மேஜை மேலிருந்த பிஸ்கட்டை மட்டும் கவனித்துக்கொண்டிருந்தார்.

"ரோபோவ வச்சு ஒரு சீரியல் எடுக்குறாங்களாம். நம்ம கம்பெனி உதவி கேட்டிருக்காங்க. நீங்கதான் அறிவியல் ஆலோசகர்," என்றார் மேலாளர். கேட்கவில்லை, அறிவித்தார்.

"எங்க சீரியல்ல எல்லாமே சயின்ஸ்படிதான் இருக்கும் மேடம். சும்மா கதை விடமாட்டோம்," என்றார் டைரக்டர். பிறகு கதை விட ஆரம்பித்தார்.

தொடரின் பெயர் 'இரும்பு அண்ணன்'. ஒரு விஞ்ஞானிக்கு மூன்று பெண்கள். மனைவி இல்லை. விஞ்ஞானிக்குத் தீராத நோய். தன் காலத்துக்குப் பிறகு பெண்களை யார் பார்த்துக்கொள்வார்கள் என்று கலங்கி, சாவதற்குள் ஒரு ரோபோவைச் செய்து, 'இன்றிலிருந்து நீதான் இவர்களுக்கு அண்ணன்' என்று சொல்லிவிட்டுக் கண்ணை மூடுகிறார். அதன்பிறகு அந்த ரோபோ தங்கைகளுக்காக உழைக்கிறது, அடி வாங்குகிறது, அடிக்கிறது, மாப்பிள்ளை தேடுகிறது.

அவள் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "ரோபோ செய்ற அளவுக்கு அறிவுள்ள மனுஷன், அந்தச் செலவுல மூணு பொண்ணுங்களையும் படிக்க வச்சிருக்கலாமே," என்றாள்.

டைரக்டர் சிரித்தார். கதாசிரியர் பக்கம் திரும்பி, "நல்லாருக்குல்ல? இத வில்லிக்குக் குடு," என்றார்.

அப்போதே அவள் எழுந்து போயிருக்கலாம். போகவில்லை. சின்ன வயதிலிருந்து திரைப்படத்திலும் தொலைக்காட்சியிலும் அறிவியல் என்ற பெயரில் கொட்டுகிற குப்பையைப் பார்த்துப் பல்லைக் கடித்து வந்தவள் அவள். உள்ளே இருந்தால் பாதிக் குப்பையையாவது அள்ளலாம் என்று நினைத்தாள். மற்ற விஷயங்களில் அவள் அவ்வளவு வெகுளி இல்லை.

வாரம் ஒருமுறை அவர்களுடைய அலுவலகத்துக்குப் போனாள். ஒரு துணிக்கடையின் மாடியில் இருந்த நீளமான அறை அது. ஒரு மூலையில் விஞ்ஞானியின் ஆய்வுக்கூடத்துக்கான சாமான்களை அடுக்கி வைத்திருந்தார்கள். பெரிய பெரிய கண்ணாடிக் குடுவைகளில் பச்சைத் தண்ணீர். மோட்டார் போட்டால் அது கொப்பளித்தது.

"ரோபோ செய்ற இடத்துல இந்தப் பச்சைத் தண்ணி எதுக்கு?" என்று கேட்டாள்.

கதாசிரியர் அவளை இரக்கத்தோடு பார்த்தார். "அது இல்லன்னா சயின்ஸுன்னு எப்படித் தெரியும் மேடம்?"

அவர் இதற்கு முன் பத்து வருடம் குடும்பத் தொடர்கள் எழுதியவர். மாமியார் மருமகளுக்கு விஷம் வைப்பது, மருமகள் மாமியாரை மாடிப்படியில் தள்ளிவிடுவது, இறந்துபோனவன் வேறு முகத்தோடு திரும்பி வருவது எல்லாம் அவருக்குத் தண்ணீர் பட்ட பாடு. இப்போது அதே ஆட்களுக்கு நடுவில் ஒரு தகரத்தை நிறுத்திவிட்டு, அறிவியல் புனைகதை எழுதுவதாகச் சொல்லிக்கொண்டிருந்தார். ரோபோவுக்கு வைரஸ் வந்தால் காய்ச்சல் அடித்தது. கடைசித் தங்கை ஈரத்துணியை நெற்றியில் போட்டுவிட்டாள், இறங்கிவிட்டது. பொய் சொன்னால் ரோபோவின் காதிலிருந்து புகை வந்தது. இடி விழுந்தால் அதற்குப் போன பிறவி ஞாபகம் வந்தது.

"போன பிறவியா? அது போன மாசம்தான செஞ்சது," என்றாள் அவள்.

"உதிரி பாகம் பழசா இருந்திருக்கலாமே மேடம்," என்றார் அவர். யோசித்துச் சொன்ன பதில் மாதிரியே இருந்தது.

ரோபோ அழும் காட்சிக்கு வந்தபோது அவள் விடவில்லை. "கண்ணீர் எங்கேர்ந்து வருது? அதுக்குள்ள தண்ணியே கிடையாது."

"எதுவுமே ஓடாதா உள்ள?"

"சில மெஷின்ல சூட்டத் தணிக்க கூலன்ட் ஓடும். அது வேற."

கதாசிரியரின் முகம் மலர்ந்தது. அந்த வாரமே இரும்பு அண்ணன் தங்கையின் கையைப் பிடித்துக்கொண்டு, "இது கண்ணீர் அல்ல தங்கையே, கூலன்ட்," என்று சொல்லி அழுதது. முடிவில் எழுத்துகள் ஓடும்போது 'அறிவியல் ஆலோசனை' என்று போட்டு அவள் பெயரும் வந்தது.

"சரி, அது ஏன் புத்தகத் தமிழ் பேசுது? வீட்ல இருக்குற மத்த எல்லாரும் சாதாரணமாத்தான பேசுறாங்க?" என்று கேட்டுப் பார்த்தாள்.

"மெஷின் இல்லையா மேடம். மெஷினுக்கு எப்படிப் பேச்சுத் தமிழ் வரும்?"

அதற்குக் கண்ணீர் வருகிறது, காய்ச்சல் வருகிறது, போன பிறவி வருகிறது. பேச்சுத் தமிழ் மட்டும் வராதாம்.

அவளுடைய அப்பா அவளோடுதான் இருந்தார். பள்ளிக்கூடத்தில் அறிவியல் ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். பாடப்புத்தகத்தில் கப்பியின் படத்தில் கயிறு தப்பான பக்கம் போட்டிருக்கிறது என்று புத்தகம் போட்டவர்களோடு வருடக்கணக்கில் மல்லுக்கட்டி, கடைசியில் படத்தை மாற்ற வைத்தவர். சினிமாவில் கதாநாயகன் ஒரு காரைக் காலால் நிறுத்தினால் எழுந்து வெளியே போய்விடுவார். மகளுக்கு அந்தக் குணம் அவரிடமிருந்து வந்ததுதான்.

அவர் 'இரும்பு அண்ணன்' பார்க்க உட்கார்ந்தது, மகளுடைய பெயர் திரையில் ஓடுவதைப் பார்ப்பதற்காக. பெயர் கடைசியில்தான் வரும். அதற்காக முழுத் தொடரையும் பார்க்க வேண்டியிருந்தது. முதல் வாரம், "என்னம்மா இது, கண்றாவி," என்றார். இரண்டாவது வாரம், "அந்தச் சின்னப் பொண்ணு மட்டும் நல்லா நடிக்குது," என்றார். பிறகு ஒருநாள் அவள் வேலை முடிந்து வீட்டுக்கு வந்தபோது, தொலைக்காட்சிக்கு முன்னால் மூக்கை உறிஞ்சிக்கொண்டிருந்தார்.

"என்னப்பா ஆச்சு?"

"பேட்டரி தீரப்போகுதும்மா அவனுக்கு. தங்கச்சிங்ககிட்ட சொல்லாம மறைக்கிறான்."

"சார்ஜ் போட்டா சரியாயிடும்பா."

"இந்தக் கிண்டல்லாம் வேண்டாம்," என்றார் அப்பா. கோபமாகவே சொன்னார்.

அவள் தோள்பையைக்கூட இறக்காமல் அவரையே பார்த்தாள். கதாசிரியர் மேல் வந்த எரிச்சல் எல்லாம் இளப்பம் கலந்த எரிச்சல். இது அப்படியில்லை. கப்பியில் கயிறு எந்தப் பக்கம் போகிறது என்பதற்காகச் சண்டை போட்ட மனிதர், வெள்ளிச் சாயம் பூசிய ஒரு நடிகனுக்கு பேட்டரி தீர்கிறது என்று அழுகிறார். அவரை அந்த நாற்காலியில் உட்கார வைத்தது அவளுடைய பெயர்.

மறுநாளே டைரக்டருக்கு போன் செய்து, தன் பெயரை எடுத்துவிடச் சொன்னாள். "எடுத்துர்றோம் மேடம், அதுக்கென்ன," என்றார். எடுக்கவில்லை. அவள் மறுபடி கேட்டபோது, தொழிற்சாலையில் படப்பிடிப்பு வைக்கப்போகிறோம், அது முடிந்ததும் பேசிக்கொள்ளலாம் என்றார். அவளுக்கு அப்போதுதான் அந்தச் செய்தியே தெரியும். மேலாளர் எப்போதோ சரி சொல்லியிருந்தார். அவருக்கும் ஒரு வேஷம் கொடுத்திருந்தார்கள். தொழிற்சாலை மேலாளர் வேஷம். ஒரு வசனமும் உண்டு. கண்ணாடி முன்னால் நின்று அவர் அதைச் சொல்லிப் பார்க்கும் சத்தம் அறைக்கு வெளியே கேட்டது.

காட்சி இதுதான். இரும்பு அண்ணன் ஒரு தொழிற்சாலைக்குப் போகிறான். அங்கே தன் இனத்தைச் சேர்ந்த ரோபோக்கள் வேலிக்குள் அடிமைகளாக வேலை செய்வதைப் பார்க்கிறான். மனம் பொறுக்காமல் வேலிக்குள் நுழைந்து, "தம்பி," என்று கூப்பிடுகிறான். ஓடிக்கொண்டிருந்த ரோபோ நின்று, திரும்பி, தன் ஒற்றைக் கையால் அவன் தலையைத் தடவிக்கொடுக்கிறது.

"நிஜக் கைதான் வேணும் மேடம். நீங்க ஓட்டிக் காமிச்சா போதும். மெதுவா ஓட்டுங்க, அவசரமே இல்ல," என்றார் டைரக்டர்.

"ஆள உள்ள விட்டுக் கதவச் சாத்திட்டு ஓட்டச் சொல்றீங்களா? அது தகடு தூக்குற மெஷின். ரெண்டு ஆள் கனத்த ஒரு மூச்சுல தூக்கி அந்தப் பக்கம் வைக்கும். எதிர்ல தகடு இருக்கா, தலை இருக்கான்னு அதுக்குத் தெரியாது. கண்ணு கிடையாது. தடவச் சொன்னா தலைய எடுத்துக்கிட்டுப் போயிடும்."

"உங்க அளவுக்கு டெக்னிக்கலா போகவேண்டாம் மேடம். ஆள் வந்தா ரோபோ உணராதா?"

"உணராது."

"நம்ம சீரியல்ல உணருதே," என்றார் டைரக்டர். விளையாட்டாகச் சொல்கிறாரா என்று அவள் அவர் முகத்தைப் பார்த்தாள். விளையாட்டாகச் சொல்லவில்லை.

படப்பிடிப்பு நாளன்று அவள் எல்லோருக்கும் முன்னால் வந்தாள். படத்தில் வரப்போகிற மூன்றாவது கையின் மெயின் சுவிட்சை இறக்கி, அதில் தன் பூட்டைப் போட்டாள். பராமரிப்பு வேலை செய்கிற ஒவ்வொருவருக்கும் அங்கே சொந்தமாக ஒரு சிவப்புப் பூட்டு உண்டு. போட்டவர்தான் எடுக்க வேண்டும், வேறு யாரும் தொடக்கூடாது என்பது விதி. சாவியைப் பையில் போட்டுக்கொண்டு, வேலிக்கு வெளியே ஒரு நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தாள்.

மேலாளர் முகத்தில் மேக்கப்போடு வந்தார். கழுத்துக்குக் கீழே அவருடைய நிறம், மேலே இன்னொரு நிறம்.

"பூட்ட எடுங்க."

"ஷூட்டிங் முடிஞ்சதும் எடுக்குறேன் சார்."

"மேலிடத்துலயே சரின்னுட்டாங்க. நீங்க யாரு நடுவுல?"

"பூட்டுப் போட்டவ."

மேலாளர் குரலை உயர்த்தினார். கட்டர் கொண்டுவந்து பூட்டை வெட்டச் சொன்னார். சொன்னாரே தவிர, எந்த ஊழியரும் நகரவில்லை. பெரிய துணிச்சல் எல்லாம் இல்லை, கட்டர் எங்கே இருக்கிறது என்று தெரியாதவர்கள் மாதிரி ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

அப்போது இரும்பு அண்ணன் வந்தான். நடிகர், நடுத்தர வயதுக்காரர். முகம், கழுத்து, காது எல்லாம் வெள்ளிச் சாயம். மார்பில் கட்டியிருந்த பெட்டியில் சிவப்பு விளக்கு மினுக்மினுக்கென்று எரிந்துகொண்டிருந்தது. சாயம் அரித்ததால் ஒரு பென்சிலால் காதுக்குப் பின்னால் சொறிந்துகொண்டே அவளிடம் வந்தார்.

"மேடம், அது நிஜமாவே நம்மளப் பாக்காதா?"

"பாக்காதுங்க."

"பூட்டியிருந்தா அசையாதுல்ல?"

"அசையாது. நான் பொறுப்பு."

நடிகர் திரும்பி டைரக்டரிடம், "பூட்டு இருந்தா நான் உள்ள போறேன். இல்லன்னா நீங்களே பூசிக்கிட்டுப் போங்க," என்றார். அந்தத் தொடரில் மனிதன் பேசுவதுபோல் பேசிய முதல் ஆள் அவர்தான் என்று அவளுக்குத் தோன்றியது.

அதோடு முடிந்திருக்கும் என்று அவள் நினைத்தது தப்பு. கலைப் பிரிவு ஆட்கள் மதியத்துக்குள் தெர்மகோலில் ஒரு கையைச் செய்துவிட்டார்கள். ஆரஞ்சுச் சாயம் அடித்து, நடுவில் துளை போட்டு, ஒருவர் தன் கையை உள்ளே நுழைத்துக்கொண்டு கேமராவுக்குத் தெரியாமல் ஒரு மேஜைக்குக் கீழே படுத்தார். நிஜமான மூன்றாவது கை, பின்னணியில் துணை நடிகனைப்போல அசையாமல் நின்றது. தெர்மகோல் கை நடுங்கி நடுங்கி உயர்ந்து இரும்பு அண்ணனின் தலையைத் தடவியது. வெள்ளிச் சாயம் கொஞ்சம் அதில் ஒட்டிக்கொண்டது. மேலாளர் ஓடிவந்து, "இத்தனை வருஷம் இதுக்கு இதயம் இருக்குறது எனக்குத் தெரியாமப் போச்சே," என்ற தன் வசனத்தைச் சொன்னார். ஆறாவது தடவை சரியாகச் சொன்னார். டைரக்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

அவளுக்குச் சிரிப்புத்தான் வந்தது. யார் தலையும் போகவில்லை, அது போதும் என்று பூட்டைக் கழற்றிக்கொண்டு வீட்டுக்குப் போனாள்.

அந்தக் காட்சி ஒளிபரப்பான பிறகு ஊரெல்லாம் அதே பேச்சு. பல் மருத்துவர் அவள் வாயைத் திறக்க வைத்துவிட்டு அந்தக் கையைப் பற்றி விசாரித்தார். தொலைக்காட்சி விவாதத்தில் ஒரு பேராசிரியர், இயந்திரங்களுக்கு உரிமை உண்டா என்று ஒரு மணி நேரம் பேசினார். அவருக்குப் பின்னாலும் ஒரு குடுவையில் பச்சைத் தண்ணீர் இருந்தது. தலைமை அலுவலகத்திலிருந்து மேலாளருக்குப் பாராட்டு வந்தது. மேலாளர் அந்தத் தெர்மகோல் கையைக் கேட்டு வாங்கி, வரவேற்பறையில் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்தார். வருகிறவர்கள் அதோடு படம் எடுத்துக்கொண்டார்கள். பிறகு உள்ளே போய் நிஜக் கைகளைப் பார்த்தவர்கள், 'இவ்வளவுதானா' என்று முகம் சுளித்தார்கள். தகட்டை எடுக்கிறது, வைக்கிறது, எடுக்கிறது, வைக்கிறது. யாரையும் திரும்பிக்கூடப் பார்ப்பதில்லை.

ஊழியர்களின் குடும்பத்தார் தொழிற்சாலையைச் சுற்றிப் பார்க்க ஒரு நாள் ஒதுக்குவது அங்கே வழக்கம். அந்த வருடம் அப்பா தானும் வருவேன் என்றார். இஸ்திரி போட்ட சட்டை, கழுவித் துடைத்த செருப்பு. அவர் மகளுடைய வேலையைப் பார்க்க வருகிறார் என்று அவளுக்கு உள்ளுக்குள் சந்தோஷமாகக்கூட இருந்தது.

முதலாவது கைக்குப் பக்கத்தில் நின்று ஒரு கூட்டத்துக்கு விளக்கிக்கொண்டிருந்தாள். இயந்திரச் சத்தத்துக்கு நடுவே 'டக்' என்று ஒரு சத்தம் கேட்டது. மற்றவர்களுக்கு அது வெறும் சத்தம். அவளுக்கு அது ஓடுகிற கை ஒன்றின் பிரேக் சட்டென்று விழுகிற சத்தம். மூன்றாவது கையின் மேலே சிவப்பு விளக்கு எரிந்தது. ஓடினாள்.

வேலிக்கதவு திறந்து கிடந்தது. அப்பா உள்ளே நின்றிருந்தார். அவர் தலைக்கு மேலே, ஒரு முழ தூரத்தில், கை நின்றிருந்தது. அதன் நுனியில் ஒரு முழுத் தகடு தொங்கி இன்னும் லேசாக ஆடிக்கொண்டிருந்தது. ஓரமெல்லாம் கத்தி மாதிரி இருக்கும் தகடு. அப்பா ஆரஞ்சு இரும்பின் மேல் உள்ளங்கையை வைத்திருந்தார். கன்னத்தில் கண்ணீர்.

"என்னப் பாத்ததும் நின்னுடுச்சும்மா," என்றார்.

வேலியைச் சுற்றி நின்றவர்கள் கைதட்டினார்கள். பாதிப் பேர் கையில் போன்.

அவள் அவர் தோளைப் பிடித்து வெளியே இழுத்து வந்தாள். ஒரு நாற்காலியில் உட்கார வைத்தாள். திட்டுவதற்கு வாயைத் திறந்தாள், சத்தம் வரவில்லை. ஊரையெல்லாம் திட்டியவளுக்கு, அந்த வேலிக்குள் நுழைந்த ஒருவரைத் திட்ட முடியாமல் போனது அன்றைக்குத்தான்.

வீட்டுக்கு வந்து, தண்ணீர் குடித்து, குரல் திரும்பிய பிறகு அவர் முன்னால் உட்கார்ந்தாள்.

"அப்பா, கதவுல ஒரு சுவிட்ச் இருக்கு. கதவு திறந்தா கரண்ட் போயிடும். கரண்ட் போனா கை நிக்கும். உங்களப் பாத்து நிக்கல. நீங்க வராம ஒரு பூனை கதவத் தள்ளியிருந்தாலும் நின்னிருக்கும்."

அப்பா கொஞ்சம் யோசித்தார். "பூனைக்கும் நிக்கும்னா, எவ்வளவு நல்ல மனசு பாரு."

"அப்பா. மின்சுற்று திறந்தா என்ன ஆகும்?"

"மின்னோட்டம் நின்றுவிடும்," என்றார் அவர் உடனே, வகுப்பில் சொல்கிற குரலில்.

"அப்போ?"

"அதெல்லாம் பல்புக்கும்மா. இது வேற."

"என்ன வேற?"

"நீ கிட்ட இருந்து பாத்துப் பாத்து உனக்கு மரத்துப்போச்சு," என்றார் அப்பா. பரிதாபத்தோடு சொன்னார். கதாசிரியர் பச்சைத் தண்ணீர் விஷயத்தில் அவளைப் பார்த்த அதே பரிதாபம். அவள் எழுந்து அடுக்களைக்குப் போய், கழுவிய பாத்திரங்களை மறுபடி கழுவினாள். தொடர் எடுக்கிறவர்கள் மனிதர்களை ஏமாற்றிவிட்டார்கள் என்று இவ்வளவு நாள் நினைத்திருந்தாள். இவர்கள் ஏமாறவில்லை. தெரிந்ததைத் தூக்கிப் பரணில் போட்டுவிட்டு, கைவீசிக்கொண்டு வந்து உட்கார்ந்திருக்கிறார்கள். அந்த நினைப்பு அவளுக்குக் கசந்தது.

யாரோ எடுத்த படம் தொலைக்காட்சியில் வந்தது. 'முதியவரை அடையாளம் கண்ட நிஜ இரும்புத் தம்பி' என்று தலைப்பு. மேலாளர் அவளைக் கூப்பிட்டார். கண்டிக்கப்போகிறார் என்று நினைத்துப் போனாள். கண்டித்திருந்தால் அவர் மேல் கொஞ்சம் மரியாதை வந்திருக்கும்.

"அருமையான ஐடியா வந்திருக்கு," என்றார். "வாரா வாரம் வெளியாட்கள வரச் சொல்லுவோம். ஒவ்வொருத்தரா உள்ள அனுப்புவோம். கதவத் திறக்க வேண்டியது, அது நிக்க வேண்டியது, தொட்டுக்கிட்டு ஒரு போட்டோ."

"சார், அந்தக் கதவு சுவிட்ச் ஆபத்துக்கு வச்சது. விளையாட்டுக்கு இல்ல. ஓடுற மெஷின இப்படி நிறுத்தி நிறுத்தி எடுத்தா பிரேக் தேயும்."

"மாத்திக்கலாம்."

"தகடு நழுவி விழுந்தா?"

"அன்னைக்கு விழலையே."

"சுவிட்ச் ஒருநாள் ஒட்டிக்கிச்சுன்னா கதவு திறந்தாலும் நிக்காது. உள்ள ஆள் இருப்பான்."

"அதுதான் நிக்குதே, எல்லாரும் பாத்தாங்களே. நெகட்டிவாவே பேசுறீங்க நீங்க," என்றார் மேலாளர். மேஜையில் அவர் வசனம் பேசுகிற படத்தைச் சட்டம் போட்டு வைத்திருந்தார்.

பிரேக் எத்தனை நீளம் வழுக்கினால் ஆள் சாவான் என்று வரைந்து காட்டலாமா என்று யோசித்தாள். அவர் அந்தக் காகிதத்தை எப்படி மடித்து ஓரமாக வைப்பார் என்பதுவரை அவளுக்குத் தெரிந்தது. அவள் வாயிலிருந்து வேறொன்று வந்தது.

"அதுக்குப் பிடிக்கல சார்."

"எதுக்கு?"

"மூணாங் கைக்கு. அன்னைக்கு அப்பா தொட்டதுலேர்ந்து ஒரு மாதிரியா இருக்கு. கூட்டத்தப் பாத்தா அதுக்குக் கூச்சம்."

சொல்லும்போதே அவளுக்குக் காது சூடானது. அவர் சிரிப்பார் என்று எதிர்பார்த்தாள். மேலாளர் சிரிக்கவில்லை. நாற்காலியில் முன்னால் நகர்ந்து உட்கார்ந்தார். முகம் இளகியது.

"அப்படியா? சாப்பிடு... வேலையெல்லாம் ஒழுங்கா பண்ணுதா?"

"பண்ணுது. ஆனா மனசில்லாம பண்ணுது."

"இத முதல்லயே சொல்லியிருக்கக் கூடாதா? பிரேக்கு, சுவிட்சுன்னு ஏதேதோ சொல்லிக்கிட்டு," என்றார் மேலாளர். எழுந்து போய் ஜன்னல் வழியாகக் கைகள் இருக்கும் பக்கம் பார்த்தார். "நான் ஒரு மடையன். அதோட நிலைமைய யோசிக்கவே இல்ல. இப்ப என்ன செய்யலாம்?"

"வேலிய ஆள் உயரத்துக்கு மேல ஏத்தணும். ஆறு கைக்கும். கதவுக்குச் சாவி வேணும். சாவி என்கிட்ட இருக்கணும்."

"மத்த அஞ்சுக்கும் எதுக்கு?"

"இதுக்கு மட்டும் செஞ்சா அதுங்க தப்பா நினைச்சுக்கும்."

மேலாளர் தலையாட்டினார். இரண்டு தடவை 'பாக்கலாம்' என்று கிடந்த வேலைக்கு அப்போதே போன் போட்டு உத்தரவு கொடுத்தார். அவள் வெளியே வந்து, படிக்கட்டில் சற்று நின்றாள். ஜெயித்துவிட்டோம் என்று தோன்றவில்லை. சாக்கடையில் விழுந்த ஒன்றை எடுப்பதற்காகக் கையை விட்டவளின் அருவருப்புத்தான் இருந்தது. உள்ளங்கையைக் காற்சட்டையில் தேய்த்துத் துடைத்துக்கொண்டாள்.

வெல்டர்கள் வந்து வேலியை உயர்த்தினார்கள். மேலாளர் எல்லாப் பிரிவுக்கும் ஆள் அனுப்பி, மூன்றாவது கையை யாரும் தொந்தரவு செய்யக்கூடாது என்று சொல்ல வைத்தார். சில நாள் அவரே வந்து வேலிக்கு வெளியே நின்று, அது தகடு எடுத்து வைப்பதைப் பார்த்துவிட்டு, அடிமேல் அடிவைத்துத் திரும்பிப் போனார். தொடரில் அவள் பெயர் வருவது நிற்கவில்லை. அப்பா பார்ப்பதும் நிற்கவில்லை. வேலிக்குள் தலை நீட்டுவது மட்டும் நின்றுபோனது. பதினைந்து வருடம் அவள் தொண்டை கிழியக் கத்தியும் நிற்காதது.

ஒரு காலையில் ஐந்தாவது கையின் மூட்டில் எண்ணெய் கசிந்தது. அவள் அதைப் பிரித்துப் போட்டுக்கொண்டு, தூரத்தில் நின்ற மெக்கானிக்கைப் பார்த்து, "அந்த கிரீஸ் டப்பாவ எடுத்துட்டு வா," என்று வழக்கமான குரலில் கத்தினாள்.

மெக்கானிக் நல்ல வேலைக்காரன். அவள் பழக்கியவன்தான். பதறிப்போய் உதட்டில் விரலை வைத்து, மூன்றாவது கையின் பக்கம் கண்ணைக் காட்டினான்.

"மெதுவா மேடம். அதுக்குக் கேட்டுடப் போகுது."

அவள் அவனைப் பார்த்தபடி நின்றாள். அவன் விரலை எடுக்கவில்லை. பிறகு அவள் கையைத் துடைத்துக்கொண்டு, தானே நடந்து போய் டப்பாவை எடுத்து வந்தாள்.